உறைந்த நீர்மேல் எழுத்து: ஐஸ் டான்ஸிலிருந்து சமகாலக் கலைக்கு

பயிற்சி முடிந்து ஸ்கேட்டர்கள் வெளியேறியதும் ஐஸ் தளத்தைக் குனிந்து பார்க்க வேண்டும். வெள்ளைப் பரப்பு முழுக்கக் கீறல்கள். சில தலைமுடி போல மெல்லியவை, சில ஆழமாக உழுதவை. ஒருவர் வேகமாகச் சாய்ந்து போன இடத்தில் கோடு ஒற்றையாக, சுத்தமாக, வில் போல வளைந்திருக்கும். தடுமாறிய இடத்தில் இரட்டையாகப் பிளந்து, ஓரத்தில் பொடி ஐஸ் சிதறிக் கிடக்கும். கால் திரும்பிய இடத்தில் ஒரு சின்னக் கூர்முனை. படிக்கத் தெரிந்தவருக்கு இதெல்லாம் எழுத்து. யார் எங்கே தயங்கினார், எங்கே நம்பி உடம்பைச் சாய்த்தார் என்று அதிலேயே தெரிந்துவிடும். அப்புறம் ஐஸைச் சமப்படுத்தும் ஸாம்போனி வண்டி வரும். மேல்தோலைச் சீவி எடுத்து, வெந்நீரை மெல்லிசாகப் பரப்பிவிட்டுப் போகும். கொஞ்ச நேரத்தில் தளம் கண்ணாடி மாதிரி ஆகிவிடும். கோடுகள் இருந்த இடம் தெரியாது.

நிலைக்காததை நீர்மேல் எழுத்து என்று சொல்வோம். ஐஸ் டான்ஸர் தன் இளமை முழுவதையும் உறைந்த நீர்மேல் எழுதுகிறார். மதிப்பெண் பதிவேட்டில் இருக்கும், பதக்கம் அலமாரியில் இருக்கும், கோடு மட்டும் இருக்காது. போட்டி வாழ்க்கை முடிந்தபின் ஒரு ஸ்கேட்டர் ஓவியத்துக்கோ நிகழ்த்துகலைக்கோ நவீன நடனத்துக்கோ போனால், விளையாட்டை விட்டுவிட்டுக் கலைக்குப் போனார் என்று எழுதுகிறார்கள். அதில் பாதிதான் உண்மை என்பது என் எண்ணம். இந்த விளையாட்டுக்குள்ளேயே ஒரு வரைகலை இருந்தது. போட்டி அதைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கழற்றி வைத்தது. கலைக்குப் போகிறவர்கள் பெரும்பாலும் அதைத் தேடித்தான் போகிறார்கள். இதைப் புரிந்துகொள்ள முதலில் ஐஸ் டான்ஸ் என்றால் என்ன என்று பார்க்க வேண்டும்.

டிவியில் பார்க்கிறவர்களுக்கு ஜோடி ஸ்கேட்டிங்கும் ஐஸ் டான்ஸும் ஒன்று போலத் தெரியும். இரண்டிலும் இருவர் கைகோத்து ஆடுகிறார்கள். ஆனால் ஜோடி ஸ்கேட்டிங்கில் பெண்ணைத் தூக்கி எறிவார்கள், தலைக்கு மேல் முழங்கை நீட்டிப் பிடிப்பார்கள், இருவரும் காற்றில் சுழன்று குதிப்பார்கள். ஐஸ் டான்ஸில் இதெல்லாம் கிடையாது. தூக்கும் கை தலைக்கு மேல் போகக் கூடாது. ஒரு சாதாரணத் தூக்கலுக்கு 7 வினாடிதான் அனுமதி. பிரிந்து ஆடும்போதும் பொதுவாக இரண்டு கை நீளத்துக்கு மேல் விலகக் கூடாது. குதிப்பது, எறிவது என்ற பெரிய வித்தைகளை எடுத்துவிட்டால் மிஞ்சுவது கால். கால் எப்படி ஐஸைத் தொடுகிறது, எப்படி விடுகிறது என்பதுதான் இந்த விளையாட்டின் உயிர்.

ஸ்கேட் பிளேடு சுமார் 4 மில்லிமீட்டர் தடிமன் உள்ளது. அதன் அடிப்பக்கம் தட்டையாக இருக்காது. நடுவில் நீளவாக்கில் குழிவாகச் சாணை பிடித்திருப்பார்கள். அதனால் ஒரே பிளேடுக்கு இரண்டு விளிம்புகள் கிடைக்கின்றன, உள்விளிம்பு ஒன்று, வெளிவிளிம்பு ஒன்று. நிமிர்ந்து நின்றால் இரண்டும் ஐஸைத் தொடும். உடம்பைச் சாய்த்தால் ஒன்று மட்டும் தொடும். பிளேடு முன்னிருந்து பின்னாகவும் லேசாக வளைந்தது என்பதால், ஒற்றை விளிம்பில் போகிறவர் நேர்கோட்டில் போக முடியாது, வளைந்துதான் போவார். எவ்வளவு சாய்கிறாரோ அவ்வளவு வளைவு. இரண்டு கால், இரண்டு விளிம்பு, முன்னோக்கி, பின்னோக்கி என்று கணக்குப் போட்டால் எட்டு வகை வளைகோடுகள். ஐஸ் டான்ஸின் மொத்த இலக்கணமும் இந்த எட்டில் அடங்கும். டான்ஸ் பிளேடின் பின்முனையை மற்ற பிளேடுகளைவிடக் குட்டையாகவே செய்வார்கள். இருவரும் அவ்வளவு நெருக்கமாக ஆடுவதால், நீண்டிருந்தால் ஒருவர் பிளேடு மற்றவர் பிளேடில் மாட்டிக்கொள்ளும்.

பயிற்சி தொடங்கும் குழந்தைக்குக் கொடுக்கப்படும் பாடங்களில் ஒன்று ஒரு வரைபடம். ஐஸ் தளத்தின் செவ்வகத்துக்குள் வளைவுகள் ஒன்றன்பின் ஒன்றாகப் போட்டிருக்கும். ஒவ்வொரு வளைவுக்கும் ஓர் எண், எந்தக் கால், எந்த விளிம்பு, எத்தனை தாளத்துக்கு நிற்க வேண்டும் என்ற குறிப்பு. கிலியன், வியன்னா வால்ட்ஸ், டாங்கோ ரொமான்டிகா என்று ஒவ்வொரு நடனத்துக்கும் ஒரு படம். டாங்கோ ரொமான்டிகாவை 1974-இல் சோவியத் ஜோடியான லுட்மிலா பகோமோவாவும் அலெக்சாண்டர் கோர்ஷ்கோவும் பயிற்சியாளர் எலெனா சாய்கோவ்ஸ்காயாவுடன் சேர்ந்து உருவாக்கினார்கள். 1976-இல் ஐஸ் டான்ஸ் முதன்முறையாக ஒலிம்பிக்கில் நுழைந்தபோது தங்கம் வாங்கியதும் இந்த ஜோடிதான். அவர்கள் அமைத்த கோடுகளின் மேல் இன்னொரு நாட்டில் இன்னொரு தலைமுறை கால் வைத்துப் பழகுகிறது. நோட்டைப் பார்த்து இசை வாசிப்பது போல, படத்தைப் பார்த்து ஓடுகிறார்கள். கலைப் பள்ளியில் ஒரு வார்த்தை படிக்காமலேயே, ஐஸ் டான்ஸர் கோடு, இடம், காலம் மூன்றையும் சேர்த்து யோசிக்கப் பழகிவிடுகிறார்.

ஃபிகர் ஸ்கேட்டிங் என்ற பெயரே இங்கிருந்து வந்ததுதான். ஃபிகர் என்றால் ஐஸில் போடும் உருவம். ஆரம்ப காலத்தில் இதுதான் விளையாட்டு. 1908 லண்டன் ஒலிம்பிக்கில் சிறப்பு உருவங்கள் என்று தனியாக ஒரு போட்டி நடந்தது. போட்டியாளர் தானே யோசித்த உருவத்தைத் தாளில் வரைந்து முன்கூட்டியே நடுவர்களிடம் கொடுக்க வேண்டும். பிறகு அதே உருவத்தை ஐஸில் ஒற்றைக் காலால் கீறிக் காட்ட வேண்டும். பூவிதழ் போல, சிலுவை போல, நட்சத்திரம் போல நுணுக்கமான வடிவங்கள். ரஷ்யாவின் நிகோலாய் பானின் தங்கம் வாங்கினார். ஒலிம்பிக்கில் அந்தப் போட்டி அந்த ஒரு முறையோடு சரி, மறுபடி வரவில்லை. ஓர் ஆள் தாளில் வரைந்ததையே உடம்பால் வரைந்து ஒலிம்பிக் தங்கம் வாங்கினார் என்பதை நினைக்க நினைக்க எனக்கு ஆச்சரியம் அடங்கவில்லை.

இதற்கு முன்பே இன்னொரு ஓட்டமும் தொடங்கியிருந்தது. ஜாக்சன் ஹேன்ஸ் என்ற அமெரிக்கர், பாலே படித்தவர், 1860-களில் ஐரோப்பாவுக்குப் போய் ஐஸில் இசைக்கு ஆடிக் காட்டினார். வியன்னாவில் அவருக்குக் கிடைத்த வரவேற்புதான் ஐஸில் நடனம் என்ற எண்ணத்துக்கு வேர். ஒரு பக்கம் குனிந்து பார்க்கும் கோடு, இன்னொரு பக்கம் நிமிர்ந்து பார்க்கும் நடனம். இந்த இரண்டும் ஒரே விளையாட்டுக்குள் நூறு வருஷம் இழுபறியாகவே இருந்தன.

கட்டாய உருவங்கள் என்ற பிரிவு, 1960-களின் பிற்பகுதி வரை தனிநபர் ஸ்கேட்டிங்கில் மொத்த மதிப்பெண்ணில் 60 சதவீதம். 8 என்ற எண்ணின் வடிவத்தைப் போட்டு, அதே கோட்டின் மேலேயே மறுபடி மறுபடி போக வேண்டும். ஸ்கேட்டர் முடித்ததும் நடுவர்கள் ஐஸுக்கு வந்து, கோடுகள் ஒன்றன்மேல் ஒன்று எவ்வளவு நெருக்கமாக விழுந்திருக்கின்றன என்று குனிந்து பார்ப்பார்கள். டிவி வந்தபின் இதைப் பார்க்க யாருக்கும் பொறுமை இல்லை. மதிப்பு படிப்படியாகக் குறைக்கப்பட்டு, 1990-இல் கனடாவின் ஹாலிஃபாக்ஸில் நடந்த உலகப் போட்டியோடு அது முடிந்தது. ஐஸ் டான்ஸில் இந்த உருவங்கள் கிடையாது. மேலே சொன்ன வரைபட நடனங்கள்தான் அங்கே அந்த இடத்தை வகித்தன. அவையும் தனிச் சுற்றாக 2010-இல் மறைந்து, குறு நடனம் என்ற சுற்றுக்குள் ஒரு பகுதியாகச் சுருங்கின. கோட்டுக்கென்று இருந்த சுற்று இரண்டு பக்கத்திலும் போயிற்று.

சரி, நடனத்தின் பக்கம் என்ன ஆனது? அங்கே விதியும் கலையும் மோதிய கதை 1984 சரயேவோ ஒலிம்பிக்கில் நன்றாகத் தெரிகிறது. இங்கிலாந்தின் நாட்டிங்ஹாமைச் சேர்ந்த ஜேன் டார்வில், கிறிஸ்டபர் டீன் ஜோடி. டார்வில் காப்பீட்டு அலுவலகத்தில் எழுத்தராகவும், டீன் போலீஸ்காரராகவும் இருந்தவர்கள். இசையமைப்பாளர் ராவேலின் பொலேரோ என்ற இசைக்கு ஆட முடிவு செய்தார்கள். அந்த இசையை எவ்வளவு சுருக்கியும் 4 நிமிடம் 28 வினாடிக்குக் கீழே கொண்டுவர முடியவில்லை. விதிப்படி அதிகபட்சம் 4 நிமிடம் 10 வினாடி. பதினெட்டு வினாடி கூடுதல். விதிப் புத்தகத்தைப் புரட்டிப் பார்த்தார்கள். பிளேடு ஐஸில் ஓடத் தொடங்கும்போதுதான் கடிகாரம் தொடங்கும் என்று இருந்தது. அதனால் இருவரும் முழங்காலிட்டுத் தொடங்கினார்கள். ஊதா உடையில் இருவர் ஒருவரை ஒருவர் பார்த்து, பிளேடு ஐஸில் படாமல், இடுப்புக்கு மேலே மட்டும் அலை போல அசைகிறார்கள். இசை ஓடுகிறது, கடிகாரம் ஓடவில்லை. பார்த்தவர்களுக்கு அது காதலின் தொடக்கமாகத் தெரிந்தது. கணக்கில் அது மிச்சப்படுத்திய நேரம். அப்போது முழு மதிப்பெண் 6.0. முடிவில் அப்படிப் பன்னிரண்டு 6.0 கிடைத்தன. கலை வெளிப்பாட்டுக்கு ஒன்பது நடுவர்களும் 6.0 கொடுத்தார்கள்.

இந்தப் பதினெட்டு வினாடியை நான் பெரிய விஷயமாக நினைக்கிறேன். தடையைப் பொருளாக மாற்றுவது கலைஞரின் வேலை. டீன் அதைப் போட்டிக்குள்ளேயே செய்துவிட்டார். ஆனால் போட்டி அதற்கு எவ்வளவு தூரம் இடம் கொடுக்கும் என்பது அடுத்த ஆட்டத்தில் தெரிந்தது. பிரான்ஸுக்காக ஆடிய அண்ணன் தங்கை இசபெல், பால் துஷெனே ஜோடிக்கு டீன் நடனம் அமைத்துக் கொடுத்தார். 1988 கல்கரி ஒலிம்பிக்கில் மேள ஓசைக்கு, கிழிசல் போன்ற உடையில், காட்டுச் சடங்கு போல ஆடினார்கள். அரங்கம் எழுந்து நின்றது. கிடைத்தது எட்டாவது இடம். இது கூடங்களில் ஜோடியாக ஆடும் பால்ரூம் நடனமா இல்லையா என்று நடுவர்களுக்குள்ளேயே ஒத்த கருத்து இல்லை. 1991-இல் அவர்கள் உலகச் சாம்பியன் ஆனார்கள். ஆனால் 1990-களின் தொடக்கத்தில் விதிகள் இறுகின. இசையும் அசைவும் நடனத் தளத்துக்கு ஏற்றதாக இருக்க வேண்டும் என்ற பக்கம் சர்வதேச ஸ்கேட்டிங் சங்கம் சாய்ந்தது.

2002 சால்ட் லேக் சிட்டி ஒலிம்பிக்கில் ஜோடிப் பிரிவில் நடந்த மதிப்பெண் ஊழலுக்குப் பிறகு 6.0 முறையே போய்விட்டது. புதிய முறையில் ஒவ்வோர் அசைவுக்கும் ஒரு நிலை, ஒவ்வொரு நிலைக்கும் ஒரு மதிப்பு. ட்விசில் என்ற ஒற்றைக்கால் சுழல் ஓட்டத்தில் எத்தனை சுற்று, விளிம்பு சுத்தமாக மாறியதா என்று தனிக் குழு வீடியோவை நிறுத்தி நிறுத்திப் பார்க்கிறது. ஒரு வகையில் கோட்டை மறுபடி உற்றுப் பார்க்கிறார்கள் என்று சொல்லலாம். ஆனால் அது அழகா என்று கேட்பதில்லை, செல்லுமா என்று மட்டும் கேட்கிறார்கள்.

இந்த முறைக்குள்ளும் கலை நுழைந்தது என்பதையும் சொல்ல வேண்டும். பிரான்ஸின் கேப்ரியெல்லா பபடாகிஸ், கியோம் சிஸெரோன் ஜோடி 2014 உலகப் போட்டியில் 13-வது இடத்தில் இருந்தது; அடுத்த வருஷமே மோட்சார்ட்டின் மெதுவான இசைக்கு ஆடித் தங்கம் வாங்கியது. சமகால நடனத்தின் மூச்சும், தரையோடு ஒட்டிய எடையும், முயற்சி வெளியே தெரியாத வழுக்கலும் அவர்களோடு ஐஸ் டான்ஸின் பொது மொழியாயின. 2022 பெய்ஜிங் ஒலிம்பிக்கில் 226.98 புள்ளிகளோடு தங்கம். அடுத்த மாதம் உலகப் பட்டத்தையும் வாங்கினார்கள். அதன் பிறகு அவர்கள் போட்டியில் ஒன்றாக இறங்கவில்லை. 2024 டிசம்பரில் ஓய்வை அறிவித்தார்கள். இந்த முறைக்குள் எட்ட முடிந்த உச்சத்தை எட்டிவிட்ட ஜோடி அது.

இனி, கலைக்கே போனவர்கள். இதில் முன்னோடிகள் ஐஸ் டான்ஸர்கள் அல்ல, தனிநபர் ஸ்கேட்டர்கள். ஆனால் நடந்தது, ஐஸ் டான்ஸ் முதன்முறையாக நுழைந்த அதே 1976 இன்ஸ்ப்ரூக் ஒலிம்பிக்கில்தான். ஆண்கள் பதக்க மேடையைப் பாருங்கள். தங்கம் இங்கிலாந்தின் ஜான் கரி, வெண்கலம் கனடாவின் டோலர் கிரான்ஸ்டன். இருவரும் 1949-இல் பிறந்தவர்கள். இருவருமே போட்டியை விட்டபின் கலைக்குப் போனார்கள், ஆளுக்கொரு திசையில்.

பர்மிங்காமில் வளர்ந்த ஜான் கரிக்குச் சின்ன வயதிலேயே நடனம் கற்க ஆசை. அப்பா விடவில்லை. ஸ்கேட்டிங் விளையாட்டாயிற்றே என்று அதற்கு மட்டும் சம்மதித்தார். ஏழு வயதில் ஐஸில் இறங்கிய பையன், நடனக்காரனாக ஆவதற்கான சுற்றுவழியாகத்தான் அந்த விளையாட்டைப் பிடித்துக்கொண்டான். 1976-இல் ஒரே பருவத்தில் ஐரோப்பிய, ஒலிம்பிக், உலகப் பட்டங்கள் மூன்றையும் வாங்கிய கையோடு போட்டியை விட்டார். அதே ஆண்டு நவீன நடன அமைப்பாளர் ட்வைலா தார்ப் அவருக்காக ஒரு தனி நடனம் அமைத்தார். நியூயார்க்கின் மேடிசன் ஸ்கொயர் கார்டனில் அதை ஆடினார். பிறகு லண்டனிலும் பிராட்வேயிலும் சொந்தக் குழு. 1984-இல் நியூயார்க் மெட்ரோபாலிடன் ஓபரா அரங்கிலேயே ஐஸ் போட்டு ஆடினார்கள். கென்னத் மக்மில்லன், பீட்டர் மார்டின்ஸ் போன்ற பாலே உலகத்தினர் அவரோடு வேலை செய்தார்கள்.

கரி செய்த பெரிய மாற்றம் கூட்டத்தை ஐஸில் ஏற்றியது. நடனக் குழுவைப் போலப் பலர் சேர்ந்து, ஒரே விளிம்பில், ஒரே சாய்வில், ஒரே மூச்சில் போவது. ஒலிம்பிக் போட்டியில் இது இல்லாத ஒன்று. தனி ஆளின் வித்தை என்பதிலிருந்து பலருடைய கோடுகள் சேர்ந்து உருவாக்கும் வெளி என்ற இடத்துக்கு அவர் ஸ்கேட்டிங்கைக் கொண்டுபோனார். பணம் மட்டும் எப்போதும் போதவில்லை. ஐஸ் போடுவது, காப்பது, குழுவுக்குச் சம்பளம் கொடுப்பது எல்லாம் அவர் கழுத்தை நெரித்தன, குழு நிலைக்கவில்லை. 1994 ஏப்ரலில், எய்ட்ஸ் தொடர்பான நோயால், 44 வயதில் இறந்தார்.

டோலர் கிரான்ஸ்டன் வேறு ரகம். அவர் ஸ்கேட்டராகும்போதே ஓவியர். மாண்ட்ரியலின் எகோல் தெ போஸார் கலைப் பள்ளியில் படித்தவர், ஓவியம் விற்றுப் பயிற்சிச் செலவைப் பார்த்துக்கொண்டவர். டொராண்டோவில் பயிற்சியாளர் எல்லன் பர்காவிடம் சேர்ந்தபின் அவருடைய ஆட்டம் மலர்ந்தது. ஆறு முறை கனடா சாம்பியன். ஆனால் உலகப் பட்டம் கிடைக்கவே இல்லை. 1974 மியூனிக் உலகப் போட்டியில் சுதந்திர ஆட்டத்தில் முதல் இடம், மொத்தத்தில் வெண்கலம். அவரைக் கீழே இழுத்தது எது தெரியுமா? கட்டாய உருவங்கள். ஐஸில் கோடு போடும் பிரிவில் ஓர் ஓவியர் தோற்றுக்கொண்டே இருந்தார்.

முதலில் இது என் வாதத்துக்கு எதிராகத் தெரிந்தது. யோசித்தபோது அது இன்னும் தெளிவாயிற்று. கட்டாய உருவம் கேட்டது பிரதி. போட்ட கோட்டின் மேல் அதே கோடு, இம்மி பிசகாமல். பானின் 1908-இல் செய்த மாதிரி சொந்தமாக ஓர் உருவத்தை யோசிப்பதற்கு அதில் இடமே இல்லை. கையெழுத்துப் பயிற்சி நோட்டும் கடிதமும் ஒன்றா? உருவங்களை எழுதச் சொல்லி, எழுதுவதற்கு எதுவும் இல்லாமல் செய்துவிட்டது போட்டி. கிரான்ஸ்டனின் கோடு வேறு இடத்தில் வாழ்ந்தது: கை விரல் முனையில், பின்னால் வளைந்த முதுகில், சுழலும்போது மடிந்த காலில். அவருடைய ஓவியங்களிலும் அதே அலங்காரம், அதே மிகுதி, அடங்காத நிறம். 1990-களில் மெக்சிகோவின் சான் மிகெல் தெ அயெண்டேவுக்குக் குடிபோய், 2015 ஜனவரியில் இறக்கும்வரை அங்கேயே வரைந்துகொண்டிருந்தார்.

ஆக இரண்டு பாதைகள். கரி ஐஸை விடாமல் அதைக் கலைக் களமாக்கினார். கிரான்ஸ்டன் ஐஸிலிருந்து ஓவியத் துணிக்குப் போனார். இன்று கலைக்குப் போகும் ஐஸ் டான்ஸருக்கு மூன்றாவது பாதையும் இருக்கிறது, ஏனென்றால் இதற்கிடையில் கலையே நகர்ந்து ஸ்கேட்டரின் பக்கம் வந்துவிட்டது. 1963-இல் வாஷிங்டனில் ஒரு ரோலர் ஸ்கேட்டிங் கூடத்தில், ஓவியர் ராபர்ட் ராஷன்பர்க் முதுகில் பாராசூட் கட்டிக்கொண்டு சக்கரக் காலணியில் சுற்றிவந்து ஒரு நிகழ்த்துகலை செய்தார். நடனக்காரரான திரிஷா பிரவுன் 2002-இல் தரையில் பெரிய தாளை விரித்து, அதன்மேல் உருண்டும் புரண்டும் கரித்துண்டால் கோடு போட்டு, முடிந்ததும் அந்தத் தாளைச் சுவரில் ஏற்றினார். பிரெஞ்சுக் கலைஞர் பியேர் ஹுய்க் அதே 2002-இல் ஆஸ்திரியாவின் பிரெகென்ஸ் கலைக்கூடத்துக்குள் கறுப்பு ஐஸ் தளம் ஒன்று அமைத்தார்; அவ்வப்போது ஒரு ஸ்கேட்டர் வந்து அதில் ஆடிக் கோடு விட்டுப் போவார். 2017-இல் ஜெர்மனியின் மூன்ஸ்டரில், மூடிக் கிடந்த ஓர் ஐஸ் ஸ்கேட்டிங் கூடத்தின் கான்கிரீட் தரையையே அவர் வெட்டித் தோண்டிக் கலைப்படைப்பாக்கினார்.

அசைவு விட்டுப்போகும் தடம்தான் படைப்பு என்று கலை உலகம் ஒத்துக்கொண்டுவிட்டது. ஐஸ் டான்ஸருக்கு இது பழகிய விஷயம். ஸாம்போனி அழித்ததை அழியாமல் வைத்துக்கொள்ள மட்டும் வழி வேண்டும். மேலிருந்து எடுக்கும் வீடியோ, ஐஸின் மேல் தாளை வைத்துக் கோட்டை ஒற்றி எடுப்பது, உருகும்வரை பார்வையாளர் முன்னால் விட்டுவைப்பது என்று ஒவ்வொருவரும் ஒவ்வொன்றைத் தேடலாம். கலைக்கூடங்களுக்கு ஈரப்பதம் ஆகாது என்பதால் உண்மையான ஐஸோடு உள்ளே போவது லேசில்லை. அதனாலேயே இந்தப் பாதையில் போகிறவர்கள் பதிவையும் தடத்தையும் முக்கியப் பொருளாக எடுத்துக்கொள்ள நேரிடுகிறது.

கைவசம் கொண்டுபோகும் சொத்துகள் இவை. விட்டுவிட்டுப் போக வேண்டியவையும் உண்டு, கஷ்டம் அங்கேதான். முதலாவது, நடுவர் பக்கம். போட்டி நடனத்துக்கு முன்பக்கம் என்று ஒன்று உண்டு. முகம், திறந்த மார்பு, முடிவு நிலை எல்லாம் நடுவர்கள் உட்காரும் நீளப் பக்கத்தை நோக்கித்தான். பத்துப் பதினைந்து வருஷம் இப்படிப் பழகிய உடம்பு, யாரும் இல்லாத அறையிலும் அந்தப் பக்கம் திரும்பிச் சிரிக்கும். இரண்டாவது, விழுவது. போட்டியில் ஒரு முறை விழுந்தால் ஒரு புள்ளி கழியும். உடனே எழுந்து எதுவும் நடக்காதது போலத் தொடர வேண்டும். கலையில் விழுந்த இடம்தான் சில சமயம் படைப்பின் நடு. அங்கேயே கிடக்கத் துணிவு வேண்டும். மூன்றாவது, நான்கு நிமிடம். மூச்சு, வேகம், உச்சம் எல்லாம் நான்கு நிமிடத்துக்கு வெட்டித் தைத்த சட்டை போல உடம்பில் பதிந்திருக்கும். நாற்பது நிமிடம் ஒன்றுமே நடக்காமல் ஒரு வட்டத்தைச் சுற்றுவதற்கு அந்தச் சட்டையைக் கிழிக்க வேண்டும்.

மாண்ட்ரியலில் அலெக்சாண்டர் அமெல் என்ற முன்னாள் போட்டி ஸ்கேட்டர் 2005-இல் தொடங்கிய ல பாதென் லீப்ர் குழு இந்த மூன்றையும் உதறியிருக்கிறது. பளபளப்பு உடை இல்லை, சாதாரண உடுப்பு. 2014-இல் வந்த அவர்களுடைய ஒரு படைப்பில், இரண்டாம் பாதியில் பார்வையாளர்களை ஐஸின் ஒரு முனையிலேயே உட்கார வைத்தார்கள். எதிர் முனையிலிருந்து ஐந்து பேர் முழு வேகத்தில் நம்மை நோக்கி வருவார்கள். கடைசி நொடியில் விளிம்பு மாறி விலகுவார்கள். அவர்கள் திரும்பத் திரும்பப் பேசுவது வழுக்கலைப் பற்றி: உடம்பு அசையாமல் இருக்கும்போதே இடம் மாறுவது. தரையில் ஆடும் எந்த நடனக்காரருக்கும் அது கிடையாது. கால் எடுத்து வைக்காமல், சிலை போல நின்றபடி, முப்பது மீட்டர் போக முடியும் என்பது ஐஸ் கொடுக்கும் வரம். போட்டியில் அதற்குப் பேர் ஓய்வு. ஏதாவது செய்யாவிட்டால் புள்ளி வராது. ஒரு கலைஞருக்கு அதுவே பொருள்.

ஐஸ் டான்ஸருக்கு மட்டும் உள்ள இன்னொரு முடிச்சு ஜோடி. பன்னிரண்டு பதின்மூன்று வயதில் சேர்ந்த துணையோடு பத்து வருஷத்துக்கு மேல் ஆடியவர்கள் நிறைய. ஒருவர் முட்டி போனால், மனம் விட்டுப்போனால், இருவருடைய வாழ்க்கையும் முடிந்தது. சாய்வின் ஆழம்கூட எதிராள் தாங்குவார் என்ற கணக்கில் பழகியது. தனியாக ஸ்டூடியோவில் நிற்கும் முதல் மாதங்களில் உடம்பு அந்த எடையைத் தேடும். யார் ஆண், யார் பெண், யார் தூக்குவது, யார் சாய்வது என்ற பங்கீடும் கூடவே வரும். இதையும் இப்போது சிலர் அவிழ்க்கிறார்கள். கனடா ஸ்கேட்டிங் அமைப்பு 2022 டிசம்பரில் தன் நாட்டுப் போட்டிகளுக்கு ஜோடி என்றால் இரண்டு ஸ்கேட்டர்கள் என்று விதியை மாற்றியது. பபடாகிஸ் 2025-இல் அமெரிக்காவின் மேடிசன் ஹப்பலோடு, இரண்டு பெண்களாக, சூரிச்சின் ஆர்ட் ஆன் ஐஸ் மேடையில் ஆடினார். தூக்குகிறவரும் சாய்கிறவரும் மாறி மாறி வரும்போது, இவ்வளவு நாள் விதி எவ்வளவு இடத்தை மூடி வைத்திருந்தது என்று தெரிகிறது.

பழைய கோடும் திரும்பி வந்திருக்கிறது, ஒலிம்பிக்குக்கு வெளியே. 2015-இல் அமெரிக்காவின் லேக் பிளாசிடில், முன்னாள் ஒலிம்பிக் ஜோடி ஸ்கேட்டர் கேரன் கோர்ட்லண்ட் கெல்லியின் முயற்சியில், உருவங்களுக்கென்றே ஒரு உலகப் போட்டி தொடங்கியது. வழக்கமாக ஐஸுக்கு அடியில் வெள்ளை பூசுவார்கள். இங்கே கறுப்பு. பிளேடு கீறியதும் கோடு சுண்ணாம்பு போல வெள்ளையாக எழுந்து வரும். சிறப்பு உருவங்களும் உண்டு, 1908-இல் போலவே சொந்தமாக வடிவமைத்தவை. ஸ்கேட்டர் போடும்போது நடுவர்கள் பார்க்க மாட்டார்கள், வேறிடத்தில் இருப்பார்கள். அவர் முடித்து வெளியேறிய பிறகு வருவார்கள். யார் போட்டது, எந்த நாடு, என்ன உடை, சிரித்தாரா இல்லையா, எதுவும் தெரியாது. கறுப்புத் தளத்தில் வெள்ளைக் கோடு ஒன்று இருக்கும். அதன் பக்கத்தில் குனிவார்கள்.